மூலை வெட்டாத விரிப்பு

எனக்கு எழுபத்திரண்டு வயது. மூன்று பிள்ளைகளை வளர்த்தேன். கடைசிப் பிள்ளை பாலர் வகுப்புக்குப் போன வருடம் என்ரை மனுசன் போய்ச் சேர்ந்துவிட்டார், அதற்குப் பிறகு தனியத்தான் வளர்த்தேன். மூன்று பேரும் இந்தச் சுவிஸ் நாட்டில் மரியாதையான வேலையில் இருக்கினம். இதை முதலே சொல்லி வைக்கிறேன். ஏனென்றால் நான் சொல்லப் போகிற கதையில் என்னைக் கள்ளி என்று சொல்லுவார்கள்.

ஊரில் நான் படித்தது அஞ்சாம் வகுப்பு. கையெழுத்து வைப்பேன், பஸ்ஸின் பலகையை எழுத்துக் கூட்டி வாசிப்பேன், அவ்வளவுதான். நான் சொல்ல என்ரை பேத்தி ஆரணி தமிழில் எழுதி, பிறகு டொச்சுக்கு, இந்த நாட்டு ஜெர்மன் பாசைக்கு, மாற்றுகிறாள். சனிக்கிழமை தமிழ்ப் பள்ளிக்குப் போன பிள்ளை. நான் அவசரப்பட மாட்டேன், அவளும் அவசரப்படக் கூடாது என்று சொல்லித்தான் இருத்தியிருக்கிறேன்.

இன்டர்லாக்கனில் நான் வேலை செய்த ஹோட்டலுக்கு ஏதோ ஆண்டு நிறைவாம். பழைய வேலைக்காரரின் ஞாபகங்களைச் சேர்த்து ஒரு புத்தகம் போடுகினமாம். அதைச் சொல்ல ரஜிதா வந்தாள். ரஜிதா என்னோடு வேலை செய்த பவளத்தின் மகள். இங்கே பிறந்து, இங்கே படித்து, இப்போது அந்த ஹோட்டலின் லோன்றிக்கு, துணி தோய்க்கிற பகுதிக்கு, அவள்தான் பொறுப்பு. கெட்டிக்காரி, அதில் எனக்குப் பெருமைதான்.

"அன்ரி, ஒரே ஒரு பக்கம் சொன்னாக் காணும். சந்தோசமா ஏதும் சொல்லுங்கோ."

"என்ன சந்தோசம்?"

"பனி கொட்டின காலம், நத்தார் விருந்து, பெரிய ஆக்கள் ஆரும் வந்து தங்கினது. அப்பிடி."

"விரிப்புக் கதையைச் சொல்லட்டோ?"

தேத்தண்ணிக் கோப்பையைக் கீழே வைத்தாள். "அதை விடுங்கோவன் அன்ரி. அது எப்பவோ முடிஞ்ச கதை."

"ஆருக்கு முடிஞ்சது?"

அவள் கைப்பையை எடுத்துக்கொண்டு எழும்பினாள். அன்றைக்கு நான் அவளுக்குச் சொல்லாத கதையைத்தான் இப்போது சொல்கிறேன்.

நான் முதலில் அந்த ஹோட்டலின் குசினியில் கிழங்கு உரித்தேன். பிறகு லோன்றிக்கு மாற்றினார்கள். வேலை பழகின காலத்தைச் சொல்ல ஒன்றும் இல்லை. கை வெந்தது, குனிந்து குனிந்து நாரி நொந்தது, பழகிவிட்டது. சொல்ல வேண்டியது ஃப்ராவ் கெர்பரைப் பற்றி.

ஃப்ராவ் என்றால் டொச்சில் திருமதி; கெர்பர் எங்கள் லோன்றிக்குப் பொறுப்பாக இருந்த சுவிஸ்காரி. உயரமான மனுசி, தலைமயிரை ஆம்பிளை மாதிரிக் கட்டையாக வெட்டியிருப்பா. ஒருநாளும் சத்தம் போட மாட்டா. எங்களோடு கதைக்கும்போது செவிடருக்குச் சொல்லுகிற மாதிரி ஒவ்வொரு சொல்லாக நிறுத்தி நிறுத்திச் சொல்லுவா. விரிப்பு காய்ந்ததோ என்று உள்ளங்கையால் பார்க்க மாட்டா, புறங்கையால்தான் தொடுவா. உள்ளங்கை பொய் சொல்லுமாம். பவளம் அவவுக்கு வைத்த பேர் கத்தரியம்மா. காரணம் இருக்கிறது.

கட்டில் விரிப்பு தோய்க்கிற மெசினிலிருந்து வரும்போது அரை ஈரமாக இருக்கும். இரண்டு பேர் எதிரெதிரே நின்று மூலைகளைப் பிடித்து ஒரு உதறு உதற வேண்டும். நல்ல துணி என்றால் அடிச்ச மாதிரிச் சத்தம் வரும். நைந்த துணி சத்தம் போடாது. சத்தம் சரியில்லை என்றால் யன்னல் வெளிச்சத்துக்குப் பிடித்துப் பார்க்க வேண்டும். ஆட்கள் படுக்கிற நடு இடந்தான் முதலில் நையும், அந்த இடத்தால் வெளிச்சம் தெரியும். தெரிந்தால் அதைத் துணி அழுத்துகிற சூட்டு உருளைக்குள் விடக் கூடாது, சுவரோரத் தட்டில் போட வேண்டும். வெள்ளிக்கிழமைகளில் ஃப்ராவ் கெர்பர் அந்தத் தட்டுக்கு முன்னால் வந்து நிற்பா. ஒவ்வொன்றையும் தானும் ஒருக்கால் வெளிச்சத்துக்குப் பிடிப்பா. பிறகு பெரிய கத்தரியை எடுத்து ஒரு மூலையை வெட்டுவா. அந்த மூலையில்தான் நீல நூலால் ஹோட்டலின் பேர் நெய்திருக்கும். பேர் போனால் விரிப்பு செத்துப்போச்சு என்பா. அதற்குப் பிறகு அது கண்ணாடி துடைக்கிற துணி, அடுப்புத் துடைக்கிற துணி. அந்தக் கத்தரியை வேறு ஒருவரும் தொடக் கூடாது.

இந்த மனுசிக்கு இன்னொரு முகமும் இருந்தது. வேலை உடுப்பின் உள்பக்கம், நெஞ்சுக்கு மேலே, வட்டமான ஒரு சின்னப் பித்தளை குத்தியிருப்பா. வட்டத்துக்குள் கோழிக்கால் மாதிரி ஒரு அடையாளம். சமாதானத்தின் அடையாளம் என்று சொல்லித் தந்தா. வேலை குறைவான பின்னேரங்களில் தன்ரை இளமைக் காலத்தைச் சொல்லுவா. சூரிச்சில் பெடியள் பெட்டையள் எல்லாம் ரோட்டுக்கு இறங்கின காலமாம். எங்கேயோ தூர நாட்டில் நடக்கிற சண்டைக்காக இவை இங்கே ட்ராம் தண்டவாளத்தில் குந்தியிருந்தவையாம். பொலிஸ் தண்ணி பாய்ச்சினதாம், கண்ணெரியப் புகை அடித்ததாம். ஒரு வீட்டில் கன பேர் சேர்ந்து இருந்து, ஒரு சட்டியில் சமைத்து, தேப்பன் தாயோடு கதைக்காமல் விட்டு, அந்தச் சண்டை நிற்குமட்டும் வீட்டுக்குப் போறதில்லை என்று சொல்லியிருந்தவையாம். சொல்லும்போது முகம் பெட்டைப் பிள்ளையின்ரை முகமாகிவிடும்.

பவளம் தமிழில் என் காதுக்குள் சொல்லுவாள்: "மடிப்புக் கொஞ்சம் பிசகினா மூச்சு நிண்டுபோற மனுசி, ரோட்டிலை குந்தினவவாம்."

நான் நம்பினேன். இப்போதும் நம்புகிறேன். அவ அங்கே குந்தினது உண்மை. அதுதான் என்ரை கோபம்.

2009 வந்தது. என்ரை தங்கச்சி புனிதம் வன்னியில், கடைசிச் சண்டைக்குள் இருந்தாள். மாசி மாதத்தில் ஒருதரம் கதைத்தாள். கடற்கரைப் பக்கமாக நகர்ந்து போகினமாம், பங்கர் வெட்ட மண் நிற்குதில்லை, மணலாம். "அக்கா, உங்கை ஆரிட்டையும் சொல்லுங்கோ" என்றாள். அதோடு போன் நின்றது. நான் ஆரிடம் சொல்ல? காலையில் எழும்பிப் போய் வெள்ளை விரிப்பு உதறுகிறேன். அங்கே சனம் மணலுக்குள் கிடக்குது.

லீவு கிடைத்த நாளெல்லாம் ரயில் ஏறி பேர்னுக்குப் போனோம், பாராளுமன்றத்துக்கு முன்னால் நிற்க. சூரிச், ஷாஃப்ஹவுசன், ஜெனீவா என்று எல்லா இடத்திலிருந்தும் சனம் வந்தது. பிள்ளைத்தாய்ச்சியும் வந்தவை, தடி ஊன்றினவையும் வந்தவை. எங்கடை ஆம்பிளையள் மைக்கைப் பிடித்துக்கொண்டு விட மாட்டினம், பெண்டுகளை முன்னுக்குக் குளிருக்குள் நிற்க விட்டிட்டு அவை பேசுவினம். அந்தக் கோபமும் எனக்கு இருக்கு, அதையும் எழுது ஆரணி. ஆனால் நின்றோம். கடதாசி மட்டையில் எழுதிக் கொண்டு போனது பனித் தூறலுக்கு ஊறி எழுத்தெல்லாம் வழிந்துவிட்டது. வழிந்த எழுத்தை ஆர் வாசிப்பார்கள்? துணி வேண்டும் என்று நினைத்தேன். பெரிய துணி.

வெள்ளிக்கிழமை ஃப்ராவ் கெர்பர் தட்டுக்கு முன்னால் நிற்கும்போது போய்க் கேட்டேன். எனக்குத் தெரிந்த டொச்சில் தங்கச்சியைச் சொன்னேன், மணலைச் சொன்னேன், கடதாசி ஊறினதைச் சொன்னேன். இரண்டு விரிப்புத் தந்தால் எழுதிப் பிடிப்போம் என்றேன். அவ தட்டில் கிடந்த விரிப்புகளை ஒவ்வொன்றாகப் புரட்டினா. பிறகு தட்டிலிருந்து பெரியதாய்ப் பார்த்து இரண்டை எடுத்தா. கத்தரியையும் எடுத்தா. எடுத்த கத்தரியைத் திரும்ப மேசையில் வைத்தா.

"வெட்டினா மூலையிலை கயிறு கட்ட ஏலாது. அப்பிடியே கொண்டு போங்கோ" என்றா. கண் கலங்கியிருந்தது. "நானும் இப்பிடித்தான் விரிப்பிலை எழுதினனான், ஃப்ராவ் செல்வா" என்றா. என்ரை பேர் செல்வமலர், அவவின்ரை வாய்க்கு அவ்வளவுந்தான் வரும்.

தேவாலயத்தின் பின் மண்டபத்தைப் பாதிரியார் திறந்துவிட்டார். நிலத்தில் விரித்து, என்ரை மூத்த மகள், ஆரணியின்ரை தாய், சோக்கட்டியால் கோடு கீறித் தந்தாள். சண்டையை நிப்பாட்டுங்கோ, சனம் சாகுது. அவ்வளவுதான், டொச்சில். இயக்கத்தின் கொடியும் இல்லை, தலைவரின் படமும் இல்லை. பவளம் சிவப்பு மையைச் சிந்திவிட்டாள்.

"ஐயோ அக்கா, பழுதாக்கிப் போட்டன்."

"விடு. ரத்தமெண்டு நினைக்கட்டும்."

மை காயும்போது பவளம்தான் அந்த நீலப் பேரைக் கண்டாள். "அக்கா, ஹோட்டலின்ரை பேர் கிடக்கு. இதை நாங்களே வெட்டிவிடுவம். பிறகு பிரச்சினை வரும்."

"வெட்டாதை."

"ஏன்?"

"மூலை வெட்டினா அது அடுப்புத் துடைக்கிற துணி. என்ரை தங்கச்சிக்காக நான் அடுப்புத் துணியைத் தூக்கிக்கொண்டு போய்ப் பாராளுமன்றத்துக்கு முன்னாலை நிக்க மாட்டன்."

லோன்றியில் வேலை செய்யாதவர்களுக்கு இது விளங்காது. நாங்கள் காலமெல்லாம் மூலையைப் பார்த்து வாழ்ந்த சனம். மூலை இருந்தால் துணிக்கு உயிர் இருக்குது. எங்களுக்குத் தந்தது உயிரோடு தந்தது. அதை நானே கொல்லுவேனோ? புத்திசாலித்தனம் இல்லை என்று பிள்ளைகள் பிறகு சொன்னார்கள். இருக்கட்டும். இன்றைக்கு அதே துணியைக் கையில் தந்தாலும் நான் வெட்ட மாட்டேன். இரண்டையும் சேர்த்துத் தைத்து, நல்லாக அழுத்தி, சுருக்கில்லாமல் கொண்டு போனேன். அழுக்குத் துணி பிடிக்கிற பழக்கம் எனக்கு இல்லை.

பேர்னில் நானும் பவளமும் இரண்டு பக்கமும் பிடித்தோம், காற்றுக்கு இழுபட இழுபட. நல்ல உடுப்புப் போட்ட ஒரு மனுசன் நின்று வாசித்தார்.

"எந்த நாடு?"

"சிறிலங்கா."

"ஓ, நான் போயிருக்கிறன். கடற்கரை நல்ல வடிவு."

பவளம் வாயைத் திறக்க முன்னம் நான் சொன்னேன்: "ஓம், அந்தக் கடற்கரையிலைதான் சாகினம்." அவர் தொப்பியைச் சரி பண்ணிக்கொண்டு போய்விட்டார். அந்த நேரந்தான் ஆரோ படம் எடுத்திருக்கினம். அடுத்த நாள் பேப்பரில் வந்தது. என்ரை முகம் பாதி மறைந்து, என்ரை கை முழுக்கத் தெரிந்து, என்ரை கைக்குக் கீழே நீலப் பேரும் தெரிந்து.

ஹோட்டல் இயக்குநர் கூப்பிட்டார். இளம் மனுசன், மரியாதையாகக் கதிரை காட்டினார். மேசையில் பேப்பர். ஃப்ராவ் கெர்பர் யன்னலோரம் நின்றா.

"இது எங்கடை பேர்தானே?" என்றார். தங்கியிருக்கிற ஆட்கள் கேட்கினமாம், ஹோட்டல் எந்தப் பக்கம் என்று.

"ஓம். விரிப்பு ஃப்ராவ் கெர்பர் தந்தது."

அவர் திரும்பிப் பார்த்தார். ஃப்ராவ் கெர்பர் வழக்கம்போல ஒவ்வொரு சொல்லாகச் சொன்னா: "கழிக்கிற விரிப்பு எல்லாத்திலையும் நான் மூலை வெட்டுறனான். அது விதி."

"இதிலை மூலை இருக்குதே."

"இருக்கு."

"அப்ப?"

"மூலை வெட்டாதது கழிச்ச விரிப்பு இல்லை."

பாருங்கள், அவ பொய் சொல்லவில்லை. தான் தரவில்லை என்று ஒரு சொல் சொல்லவில்லை. விதியை மட்டும் சொன்னா. விதி மிச்சத்தைச் சொல்லிவிட்டது. பொய் சொல்லியிருந்தால் கூட நான் இவ்வளவு காலம் இதைக் காவிக்கொண்டு திரிந்திருக்க மாட்டேன் என்று நினைக்கிறேன். பொய்க்கு முகத்தைப் பார்த்துச் சொல்லுகிற துணிவு வேணும்.

"ஃப்ராவ் கெர்பர், என்னைப் பாருங்கோ" என்றேன். "கத்தரியை எடுத்திட்டு மேசையிலை வைச்சது ஆர்?"

அவ யன்னலால் வெளியே பார்த்துக்கொண்டு நின்றா. வெளியே மலை. காலமெல்லாம் அதே மலைதான்.

இயக்குநர் ஒரு கடதாசியை என் பக்கம் தள்ளினார். மெதுவாக வாசிக்கச் சொன்னேன், வாசித்தார். அனுமதியில்லாமல் எடுத்தேன், இனிமேல் செய்ய மாட்டேன் என்று. கையெழுத்து வைத்தால் இதோடு முடிந்தது, வேலை இருக்கும், லோன்றியிலேயே இருக்கலாம் என்றார். அவருக்கும் தொல்லை வேண்டாம் என்பது குரலில் தெரிந்தது. வேலை போனால் என்ரை விசா அட்டை என்னாகும், படிக்கிற பிள்ளைகள் என்னாகும் என்று தெரியாமல் நான் அங்கே இருக்கவில்லை. பயம் ஃப்ராவ் கெர்பருக்கு மட்டும் சொந்தமில்லை.

"நான் வாசிக்கத் தெரியாதவள்" என்றேன். "ஆனா என்ரை பேரை எதுக்குக் கீழை வைக்கிறதெண்டு எனக்குத் தெரியும். இதுக்குக் கீழை வைக்க மாட்டன்."

வைக்கவில்லை. ஈஸ்டர் வரப்போகுது, ஆள் பற்றாக்குறை, என்னை வேலையால் கலைக்கவும் முடியவில்லை. குசினியில் சட்டி கழுவ விட்டார்கள். பென்சன் எடுக்கும்வரை அங்கேதான் நின்றேன். அந்த ஹோட்டலில் புதிதாக வருகிறவர்களுக்கு என்னைக் காட்டிச் சொல்லுவார்கள், விரிப்பு எடுத்த தமிழ் மனுசி என்று. கேலியாகத்தான் சொல்லுவார்கள். கேலி என்றால் குறைந்துபோகுமோ?

புனிதமும் அவளின்ரை மனுசனும் உயிரோடு இல்லை என்று ஆடி மாதத்தில்தான் அறிந்தோம், முகாமிலிருந்து தப்பி வந்த ஒருவர் சொல்லி. நான் ஒரு கிழமை லீவு எடுத்துவிட்டு வேலைக்குப் போனேன். சட்டியைத் தேய்த்துக்கொண்டு நிற்க, ஃப்ராவ் கெர்பர் கீழே இறங்கி வந்தா. என் தோளில் கை வைத்தா.

"எனக்கு மனவருத்தமா இருக்கு, ஃப்ராவ் செல்வா."

"எதுக்கு?"

"உங்கடை சகோதரிக்கு."

"அது நீங்கள் செய்தது இல்லை. அதுக்கு நீங்கள் வருத்தப்பட வேண்டாம். நீங்கள் செய்ததுக்குச் சொல்லுங்கோ, நான் கேக்கிறன்."

தண்ணிக் குழாயை மூடிவிட்டு நின்றேன், சத்தத்தில் கேட்கவில்லை என்று பிறகு சொல்லக் கூடாது என்பதற்காக. அவ கையை எடுத்தா. படியேறிப் போய்விட்டா.

அவ ஓய்வு எடுத்தபோது ஹோட்டல் விருந்து வைத்தது. கிளாஸ் கழுவ நான் உள்ளேயும் வெளியேயும் போய் வந்தேன். இயக்குநர் பேசினார். எங்கள் லோன்றியின் புரட்சிக்காரி என்றார். இளம் வயதில் உலகத்தில் நடந்த ஒரு அநியாயத்தை எதிர்த்துத் தெருவில் இருந்தவ, இப்படியானவர்கள் எங்களோடு வேலை செய்தது எங்களுக்குப் பெருமை என்றார். எல்லாரும் கை தட்டினார்கள். அந்தக் கோழிக்கால் பித்தளையை அன்றைக்கு வெளிப்பக்கமாகக் குத்தியிருந்தா. நான் தட்டத்தோடு நின்றதைக் கண்டா. பார்வையைக் கீழே போட்டா. அந்த அளவு வெட்கம் இருந்தது என்று நினைக்கிறேன். அதற்கும் நான் நன்றி சொல்ல மாட்டேன்.

இன்னொன்று. பிறகு இங்கே பக்கத்தில் ஒரு நாட்டில் சண்டை வந்தது, உக்ரைனில். எங்கள் ஹோட்டல் முன்வாசலில் பெரிய கொடி தொங்கவிட்டது. பழைய விரிப்புக்குச் சாயம் போட்டு லோன்றியில்தான் தைத்தார்களாம். ரஜிதா படம் அனுப்பினாள். சண்டையை நிப்பாட்டுங்கோ என்று கீழே எழுதியிருந்தது, டொச்சில். கிட்டத்தட்ட எங்கடை சொல்தான். படத்தைப் பெரிதாக்கி மூலையைப் பார்த்தேன். நீலப் பேர் இருந்தது, வடிவாகத் தெரிகிற மாதிரி.

அந்தச் சனத்தோடு எனக்கு ஒரு கோபமும் இல்லை. அவர்களின் தாய்மாரும் என்னைப்போலத்தான் போனைப் பார்த்துக்கொண்டு இருந்திருப்பினம். ஹோட்டல் கொடி கட்டினதும் சரிதான். ஒரு ஹோட்டல் அப்படிச் செய்யலாம் என்றால், ஒரு ஹோட்டலின் வேலைக்காரியும் செய்யலாம். எந்தச் சாவுக்கு அழலாம் என்று பார்த்துத்தான் விதி வேலை செய்யும் என்றால், அதை விதி என்று சொல்ல வேண்டாம். இதைத்தான் நான் கேட்கிறேன், வேறொன்றும் கேட்கவில்லை.

நேற்று ரஜிதா போன் எடுத்தாள். "அன்ரி, நீங்கள் சொல்லுறதை அவை அப்பிடியே போட மாட்டினம். கொஞ்சம் மெதுவாக்கித் தரட்டோ?"

"எப்பிடி மெதுவாக்குவாய்?"

"விரிப்பிலை ஒரு குழப்பம் நடந்ததெண்டு போடலாம்."

"குழப்பம் ஒண்டும் நடக்கேல்லை. அவ தந்தா, நான் வாங்கினன். உன்ரை அம்மா மற்றப் பக்கத்தைப் பிடிச்சவள். அவளிட்டைக் கேள்."

"அம்மா தானும் பிடிச்சதெண்டு எனக்குச் சொன்னதே இல்லை" என்றாள்.

"உன்ரை வேலைக்காகச் சொல்லாமல் விட்டிருப்பாள். நான் உனக்கு வேலையிலை கரைச்சல் தர மாட்டன். நீ ஒண்டும் சொல்ல வேண்டாம், கொண்டுபோய்க் குடு, அது காணும். போடாட்டி என்ரை பேரையும் போட வேண்டாமெண்டு சொல்லு. பனியைப் பற்றியும் நத்தாரைப் பற்றியும் கதைக்கிற ஆக்களுக்குள்ளை என்ரை பேர் இருக்கப்படாது."

கொண்டுபோய்க் கொடுப்பதாகச் சொன்னாள். கையில் நேரே கொடுப்பேன் என்றாள். பார்ப்போம்.

அவ்வளவுதான் ஆரணி. இப்ப வாசி. முதலிலையிருந்து வேண்டாம், கெர்பர் கத்தரியை மேசையிலை வைச்ச இடத்திலையிருந்து வாசி. முதல் தமிழிலை, பிறகு நீ மாத்தி எழுதின டொச்சிலை. அவசரப்படாதை. தந்ததெண்ட சொல்லும் எடுத்ததெண்ட சொல்லும் எனக்கு டொச்சிலை நல்லாத் தெரியும், நீ எதை எழுதியிருக்கிறாயெண்டு நான் கேக்க வேணும்.